வாசலில் மூன்று, உள்ளே ஆறரை

அன்புள்ள அக்காவுக்கு,

வயிற்றில் நாலரை மாதமாக இருக்கும் பிள்ளையை ஓர் ஆள் என்று எண்ணுவதா, கூடாதா? பல்கலைக்கழகத்தில் ஏழு வருடம் படித்தும், வான அளவை அலுவலகத்தில் இருபத்து மூன்று வருடம் வேலை பார்த்தும், இந்தக் கேள்விக்கு எனக்குப் பதில் தெரியவில்லை என்பதை முதலிலேயே ஒப்புக்கொள்கிறேன். மற்றபடி நீயும் அத்தானும் பிள்ளைகளும் சுகமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். இங்கே எல்லோருக்கும் உடம்பு நன்றாக இருக்கிறது. உடம்பைத் தவிர வேறு எதுவும் நன்றாக இல்லை.

இந்தக் கடிதம் நாளைக்குள் உன் கைக்கு வராது என்று தெரியும். மூளி வருவதை முன்னிட்டுத் தபால், ரயில், பஸ் எல்லாம் நிறுத்தம். டெலிபோனை எடுத்தால் யாரோ தொண்டையைச் செருமுகிற சத்தம்தான் கேட்கிறது. அப்படியும் ஏன் எழுதுகிறேன் என்றால், எனக்குப் பயமாக இருக்கிறது. இதை இந்த வீட்டில் ஒருவரிடமும் சொல்ல முடியாது. ஏன் முடியாது என்பதைத்தான் எழுதப் போகிறேன். நடுவில் உனக்குச் சிரிப்பு வந்தால் சிரித்துக்கொள். அத்தானிடம் மட்டும் படித்துக் காட்டாதே.

மூளியைப் பற்றி உனக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. ஆனாலும் எங்கள் அலுவலகம் எழுதுவதையும் நீ சொல்வதையும் இப்போது பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்கிறேன். அலுவலகம் சொல்வது: முப்பத்தோரு வருடத்துக்கு ஒரு முறை, நம் இரண்டு நிலாக்களுக்கும் கீழே புகுந்து, பட்டப்பகலில் நாற்பது நிமிடம் தலைக்கு மேலே கடந்து போகும் ஒரு கல், ஒரு பக்கம் விளிம்பு உடைந்த பானை மாதிரி இருப்பதால் அந்தப் பெயர், பின்னால் எட்டுச் சிறு கற்கள் வரிசையாகத் தொடர்கின்றன. நீ சொல்வது: மூளிக்கு ஒன்பது பிள்ளைகள், ஒன்றை எங்கேயோ தவறவிட்டுவிட்டாள், அது பிடித்துத் தொங்கிய இடம்தான் அந்த உடைந்த விளிம்பு. அதைத் தேடித்தான் வருகிறாள். வாசலில் எழுதியிருக்கும் எண்ணைப் படிப்பாள், உள்ளே இருக்கும் தலைகளை எண்ணுவாள், எழுதியதைவிடக் குறைவாக இருந்தால் பேசாமல் போவாள், ஒரு தலை கூடுதலாக இருந்தால், கணக்கில் வராத இது என் பிள்ளைதான் என்று கூட்டிக்கொண்டு போய்விடுவாள். வாசலே இல்லாமல் தெருவில் நிற்பவர்களை எண்ணக்கூட மாட்டாள், அப்படியே அள்ளிக்கொள்வாள். போன முறை நம் சின்ன மாமா கணக்கில் வராமல் நம் வீட்டில் தங்கியிருந்ததால்தான் போய்விட்டார் என்று நீ இன்றுவரை சொல்கிறாய். மாமாவோடு அவருடைய பெட்டியும் அப்பாவின் புதுச் செருப்பும் சேர்ந்து காணாமல் போனதை நான் பதினேழு வயதிலேயே சுட்டிக்காட்டினேன். மூளிக்கு எதற்குச் செருப்பு? அந்த ஒரு வாதத்தை வைத்தே என் பிழைப்பு இத்தனை வருடம் ஓடிவிட்டது.

வினை என் வாயிலிருந்துதான் கிளம்பியது. போன மாதம் ரேடியோவில் பதினோரு நிமிடம் பேசச் சொன்னார்கள். மூளி ஒரு கல், கல்லுக்குக் கண் கிடையாது, கண் இருந்தாலும் எழுத்துத் தெரியாது, வீட்டில் இருவர் இருந்துகொண்டு வாசலில் இருபது என்று எழுதுவது படித்தவர்கள் செய்கிற காரியம் இல்லை என்று பேசினேன். நன்றாகப் பேசினேன் என்றே நினைத்தேன். அடுத்த வாரம், ஊரில் வாசல்களுக்கு எண் எழுதும் எண்ணிக்கைக்காரர் கறுப்புப் பெயின்ட் டப்பாவோடு எங்கள் வாசலுக்கு வந்தார்.

“எத்தனைன்னு போடட்டும்மா? ஒரு பத்து?”

“மூணு பேர் இருக்கோம். நான், இவர், மாமனார். மூணுன்னு போடுங்க.”

“மூணா? எதுத்த வீட்டுத் தையலம்மாவும் அவங்க வீட்டுக்காரரும் ரெண்டே பேரு. பதினாலு போட்டிருக்காங்க. நீங்க ஒரு அஞ்சாவது...”

“இருக்கிறதை எழுதுங்க.”

“உங்க இஷ்டம்மா. ரேடியோல பேசினது நீங்கதானே? குரலைக் கேட்டதுமே நெனச்சேன்” என்று சொல்லிவிட்டு, ஒரு முழ உயரத்துக்கு மூன்று என்று எழுதிவிட்டுப் போனார். அன்று மாலை தெருவே வந்து பார்த்தது. நாய் ஒன்றை வைத்துக்கொண்டு தனியாக இருக்கும் மனிதர்கூடத் தன் வாசலில் ஆறு போட்டிருந்தார். நான் தலையை நிமிர்த்திக்கொண்டு இரண்டு நாள் நடந்தேன், அக்கா. இரண்டே நாள்தான்.

மூன்றாம் நாள் கடைசி ரயிலில் என் மகள் ஒரு பையோடு வந்து இறங்கினாள். போன வருடம் அவளுக்கு ஒன்று தங்காமல் போனது உனக்குத் தெரியும். அப்போது அவள் ஒரு மாதம் யாரோடும் பேசவில்லை. நான் பக்கத்தில் உட்கார்ந்து துணி மடித்துக்கொண்டிருந்தேன், வேறு எனக்கு ஒன்றும் செய்யத் தெரியவில்லை. இந்த முறை மூன்று மாதம் தாண்டட்டும் என்று எங்களிடம் சொல்லாமல் இருந்திருக்கிறாள். தாண்டியும் சொல்லவில்லை. படியேறும்போது இடுப்பில் கை வைத்தாள் பார், அதில்தான் எனக்குத் தெரிந்தது.

“எத்தனை மாசம்டி?”

“நாலரை.”

“அதுக்கு இப்பவா கிளம்பி வருவ? இன்னும் ஒரு வாரம்தான் இருக்கு.”

“அதனாலதாம்மா வந்தேன். அங்க குடியிருப்பு கேட்ல இருநூத்திப் பன்னெண்டுன்னு எழுதிட்டு, பொழுதன்னைக்கும் கதவு கதவாப் போய் எண்ணிட்டே இருக்காங்க. என்னைப் பாத்தா மூஞ்சியப் பாக்கறதில்ல, வயித்தைப் பாக்கறாங்க. மூச்சு முட்டுது. பயப்படாத வீடு ஒண்ணே ஒண்ணுதான் இருக்குன்னு இங்க வந்துட்டேன்.”

சொல்லிவிட்டு உள்ளே போய்ப் படுத்தவள் பத்து மணி நேரம் தூங்கினாள். பல நாள் தூக்கம். நான் வாசலுக்குப் போய் அந்த மூன்றைப் பார்த்தேன். உள்ளே எத்தனை என்று விரல் விட்டு எண்ணினேன்.

இரண்டு நாள் கழித்து மாப்பிள்ளை ஒரு பால் லாரியில் தொற்றிக்கொண்டு வந்து சேர்ந்தார். லிஃப்ட் மெக்கானிக், முப்பது மாடி உயரத்தில் ஒரு கம்பியைப் பிடித்துக்கொண்டு தொங்குகிறவர், என்னைக் கண்டால் மட்டும் பயப்படுவார். “நான் இதெல்லாம் நம்பறதில்ல அத்தை, சும்மாதான் வந்தேன்” என்று சொல்லிக்கொண்டே வந்தவர், வாசலைப் பார்த்ததும் நின்றுவிட்டார்.

“மூணுன்னா... மூணுதானா அத்தை?”

“மூணுதான் மாப்பிள்ளை.”

“நல்லதுதான் அத்தை. சுருக்கமா இருக்கு.”

எதிர்வீட்டுத் தையலம்மா நல்ல மனுஷி. மகள் வந்த அன்றே சன்னல் வழியாகக் கூப்பிட்டு, “பொண்ணை இங்க அனுப்பிடுங்க, பதினாலு போட்டுட்டு ரெண்டு பேர் ஒக்காந்திருக்கோம், பன்னெண்டு எடம் காலியாக் கெடக்குது” என்றார். நான் என்ன சொன்னேன் தெரியுமா? “பரவாயில்லைங்க, நாங்க அதெல்லாம் பாக்கறதில்ல” என்றேன். என் நாக்கு அப்படியே பழகிவிட்டது. நேற்று மானத்தை விட்டு, சட்டைக்குப் பொத்தான் வாங்கும் சாக்கில் கேட்கப் போனேன். அவர் தங்கை, தங்கையின் ஓரகத்தி, ஓரகத்தியின் பிள்ளைகள் என்று பன்னிரண்டு பேர் வந்து இறங்கியிருந்தார்கள். நாய்க்காரர் வீடு உட்பட தெருவில் எல்லா வீடும் இப்படியே நிறைந்துவிட்டதாம். பொத்தானை மட்டும் வாங்கிக்கொண்டு வந்தேன். என் சட்டை எதிலும் அந்த அளவுப் பொத்தான் இல்லை.

அப்புறம் நான் செய்ததை நீ நம்ப மாட்டாய். எண்ணிக்கைக்காரர் இருக்கும் இடத்துக்கே போய், எண்ணை மாற்ற முடியுமா என்று கேட்டேன். முடியும், ஒரு படிவம் இருக்கிறது என்றார். அதில், ‘முன்பு எண் எழுதச் சொன்னது என் அறியாமையால்’ என்று அச்சடித்திருக்கிறார்கள், அதற்குக் கீழே கையெழுத்துப் போட வேண்டும். போட்டேன். பதவியையும் எழுத வேண்டும் என்றார். அதையும் எழுதினேன். “யாருக்கும் சொல்ல மாட்டேன்மா, கவலைப்படாதீங்க, மத்தியானம் எல்லாரும் சாப்பிடற நேரமாப் பாத்து வரேன்” என்று சொல்லி, சொன்னபடியே இன்று மத்தியானம் வந்தார். நான் மகளைப் பின்கட்டில் பேச்சுக் கொடுத்து உட்கார வைத்திருந்தேன். மனிதர் தொப்பையோடு எங்கள் வீட்டு முக்காலியில் ஏறி, தூரிகையை நனைத்து, கையைத் தூக்கியது வரை எல்லாம் சரியாக நடந்தது. முக்காலி ஒரு கால் ஒடிந்து அவர் படியில் உருண்டார். பெயின்ட் முழுவதும் அவர் மேல். மூன்றின் மேல் ஒரு பொட்டுகூட விழவில்லை. வலது கணுக்கால் வீங்கிவிட்டது, வலது மணிக்கட்டு அசையவில்லை. சத்தம் கேட்டு மகள் ஓடி வந்து, “என்னம்மா ஆச்சு, இவர் எதுக்கு நம்ம வீட்டுக்கு வந்தார்?” என்றாள். எண்ணிக்கைக்காரர் தரையில் கிடந்தபடியே என்னைக் காப்பாற்றினார்: “எழுத்து மங்கிடுச்சான்னு பாக்க வந்தேன்மா.”

அவருடைய வலது கை எழுதினால்தான் அது எண் ஆகுமாம். வேறு கை பட்டால் பொய் வாசல், மூளிக்கு எண்ணவே வேண்டியதில்லை, எல்லாரையும் எடுத்துக்கொள்வாளாம். அவரை வீட்டுக்கு அனுப்ப வண்டியும் கிடையாது. ஆகவே முன்னறையில் காலைத் தலையணைமேல் தூக்கிவைத்துப் படுத்திருக்கிறார். “பதினெட்டு வருஷமா ஊரையே எண்ணினேன்மா. இப்ப நானே கணக்குல வராத ஆளாயிட்டேன்” என்று உச்சுக் கொட்டுகிறார். காது மந்தமான மாமனாருக்கு வீடு நிறைய ஆட்கள் இருப்பதில் ஒரே குஷி. முழங்கால் பிடித்துக்கொண்டதால் நாற்காலியை விட்டு எழுந்திருக்க மாட்டார், அங்கே இருந்தபடியே ஒவ்வொரு வேளைச் சாப்பாட்டின்போதும் விரல் நீட்டி எண்ணி, நேற்று வரை ஐந்தரை, இன்று “ஆறரை!” என்று தெருக்கோடி வரை கேட்கிற மாதிரி அறிவிக்கிறார். அந்த அரையைக் கேட்கும்போதெல்லாம் மாப்பிள்ளைக்குப் புரையேறுகிறது.

எண்ணிக்கைக்காரரிடம் இன்று மாலை தனியாக அந்தக் கேள்வியைக் கேட்டேன்.

“வயித்துல இருக்கறதை எண்ணணுமா?”

“படிவத்துல பொறந்த தேதின்னு ஒரு கட்டம் இருக்கும்மா. அது இல்லாதவங்களை எழுத முடியாது.”

“அப்ப எண்ண வேண்டியதில்ல?”

“நான் எண்ண வேண்டியதில்ல. அவ எண்ணுவாளான்னு எனக்கு எப்படிம்மா தெரியும்?”

அக்கா, எந்தப் படிவத்திலும் இல்லாத பிள்ளை, பெயர் இல்லாத பிள்ளை, யார் கணக்கிலும் வராத பிள்ளை. அவள் தேடி வருவதாக நீ சொல்வது அப்படி ஒன்றைத்தானே? அது எங்கள் வீட்டுக்குள் இருக்கிறது. இதை நினைத்துவிட்ட பிறகு எனக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. பத்து நூலில் இருந்து மூளியின் எடையையும் வேகத்தையும் எனக்குச் சொல்ல முடியும். எடையும் வேகமும் தெரிந்த ஒரு பொருளைப் பார்த்து இப்படிப் பயப்பட முடியும் என்று அந்த நூல்களில் இல்லை.

இதில் பெரிய கொடுமை, பயத்தைக் காட்ட முடியாது என்பது. அவள் சாப்பிடுகிறாள், தூங்குகிறாள், சிரிக்கிறாள்; நான் பயப்படவில்லை என்ற ஒன்றைப் பிடித்துக்கொண்டுதான் நிற்கிறாள். அதனால் நான் எப்போதும்போல் முகத்தை வைத்துக்கொண்டு நடமாடுகிறேன். என்னைப் பார்த்து மற்றவர்களும் அப்படியே நடமாடுகிறார்கள். கண்ணாடிக்கடையில் இருபது வருடம் லென்ஸ் தேய்த்த இவர், வாழ்நாளில் ஒரு ஆணி அடித்ததில்லை. இன்று காலை படிக்கட்டுக்கு அடியில் இருக்கும் சாமான் அறையின் கதவை அளவெடுத்துக்கொண்டிருந்தார். என்ன செய்கிறீர்கள் என்றேன். “இதுக்குத் தனியா ஒரு வாசப்படி வெச்சுட்டா, தனி வீடுன்னு ஆயிடும்ல?” என்றார் கிசுகிசுப்பாக. யார் சொன்னது என்றேன். “யாரும் சொல்லல. நானா யோசிச்சேன். நீ ஒண்ணும் நெனச்சுக்காத, சும்மா ஒரு இதுக்குத்தான்.”

அலுவலகத்தில் நாளைக்கு நான்தான் தொலைநோக்கியில் உட்கார வேண்டும். காய்ச்சல் என்று எழுதி ஆள் மூலம் அனுப்பிவிட்டேன். இருபத்து மூன்று வருடத்தில் நான் எழுதிய முதல் பொய் இது. என் அட்டவணைப்படி மூளி எங்கள் தெருவுக்கு மேல் பதினொன்று நாற்பதுக்கு வரும். பதினொன்று முப்பத்தைந்துக்கு, கோணம் அளக்க வேண்டும் என்று சொல்லிவிட்டு நான் தெருவில் போய் நின்றுகொள்வேன். ஒரு தலை குறையும். அப்படியும் உள்ளே ஐந்தரை. எண்ணிக்கைக்காரரைத் தூக்கி வெளியே வைத்தால் நாலரை. அடிபட்ட மனிதரை, அதுவும் எனக்காக விழுந்தவரை, வெளியே வைப்பதைப் பற்றி ஒரு நிமிடம் முழுதாக யோசித்தேன் என்று எழுதுகிறேன். நீ அம்மாவின் இடத்தில் இருந்து எனக்குச் சோறு ஊட்டியவள், உன்னிடம் சொல்லாமல் யாரிடம் சொல்வது.

அத்தானுக்கு என் வணக்கம். பேரப்பிள்ளைகளுக்கு இந்தச் சின்னப் பாட்டியின் ஆசி. நன்றாகப் படிக்கட்டும், ரேடியோவில் மட்டும் பேச வேண்டாம். உன் வாசலில் இருபத்தைந்து எழுதியிருப்பாய் என்று தெரியும். சந்தோஷம்.

இப்படிக்கு,
உன் தங்கை

பி.கு. தபால்காரர் இன்னும் வரவில்லை, உறையும் ஒட்டவில்லை. மேலே எழுதிய கணக்கு எதுவும் இனிச் செல்லாது. மறுநாள் நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன்.

பதினொன்று முப்பத்தைந்துக்குக் கோணமானியோடு வெளியே போனேன். தெருவில் எல்லாக் கதவும் சாத்தியிருந்தது. விளக்குக் கம்பத்துக்குப் பின்னால் இவர் நின்றுகொண்டிருந்தார்.

“மீட்டர் பாக்க வந்தேன்.”

“மீட்டர் வீட்டுக்குள்ள இருக்கு.”

“ஆமா. அதான், இங்க இல்லையான்னு பாத்தேன்.”

தண்ணீர்த் தொட்டிக்குப் பின்னாலிருந்து மாப்பிள்ளை எழுந்தார். லிஃப்ட் சத்தம் கேட்ட மாதிரி இருந்ததாம். இந்தத் தெருவில் லிஃப்ட் ஏது மாப்பிள்ளை என்று கேட்டேன். “அதான் அத்தை, ஆச்சரியமா இருந்துச்சு.” எண்ணிக்கைக்காரர் துடைப்பம் ஒன்றை ஊன்றிக்கொண்டு ஒற்றைக் காலில் நொண்டி வந்து கடைசிப் படியில் உட்கார்ந்து, காற்று வாங்க வந்ததாகச் சொன்னார். மூளி நேரத்துக்கு வந்திருந்தால் யாரும் யாருக்கும் சமாதானம் சொல்ல வேண்டியிருந்திருக்காது. பதினொன்று நாற்பது ஆயிற்று, நாற்பத்தொன்று ஆயிற்று, வரவில்லை. என் அட்டவணை நான்கு நிமிடம் தவறு. அந்த நான்கு நிமிடத்தில் கதவு திறந்தது. என் மகள் ஒவ்வொருவராகப் பார்த்து, கடைசியில் என்னைப் பார்த்தாள்.

“அம்மா, உனக்குப் பயமா?”

“ஆமா.”

“எவ்வளவு?”

“ரொம்ப.”

“எனக்கும்தான். வந்ததுலேர்ந்து. நீ பயப்படாம இருக்கியேன்னு சொல்லாம இருந்தேன்.” அப்புறம், “எல்லாரும் உள்ள வாங்க, எண்ணிக்கை கெடக்கட்டும்” என்றாள். மாப்பிள்ளையும் இவரும் எண்ணிக்கைக்காரரைத் தூக்கிக்கொண்டார்கள். கதவைச் சாத்தும்போதே வெளிச்சம் செம்பு நிறத்துக்கு மாறிவிட்டது.

மூன்று என்று எழுதிய வீட்டுக்குள் ஆறரைப் பேரும் ஒரே அறையில் உட்கார்ந்தோம். அலமாரிக்கும் கட்டிலுக்கும் நடுவே நான் மகளின் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டிருந்தேன். கூரைக்கு மேலே ஏதோ மெதுவாக நகர்கிற மாதிரி இருந்தது. ஒரு நேரத்தில் நகர்வது நின்ற மாதிரியும் இருந்தது. கல் நிற்காது. இருபத்து மூன்று வருடம் நான் அட்டவணை போட்ட பொருளை நான் பார்க்கவில்லை. பன்னிரண்டு இருபத்து நான்குக்கு வெளிச்சம் திரும்பியது. தலைகளை எண்ணினேன். ஆறு. எல்லோரும் இருந்தார்கள்.

அரையை அப்படி எண்ண முடியாதல்லவா. மூன்று மணிக்கு இரண்டு தெரு தள்ளியிருக்கும் டாக்டரம்மாவை மாப்பிள்ளை ஓடிப்போய் அழைத்து வந்தார். அவர் கருவியை வயிற்றின் இடது பக்கம் வைத்தார். வலது பக்கம் வைத்தார். மறுபடியும் இடது பக்கம் வைத்தார். 

“போன மாசம் பாத்தவங்க எத்தனைன்னு சொன்னாங்க?”

“எத்தனைன்னா? ஒண்ணுதான்” என்றாள் மகள்.

“ரெண்டு துடிப்பு கேக்குதும்மா. ரெண்டும் நல்லா இருக்கு.”

ஒன்றின் பின்னால் ஒன்று மறைந்திருந்தால் முதலில் கேட்காது, இது அடிக்கடி நடப்பதுதான் என்றார். சரிதான். நானாக இருந்தாலும் அப்படித்தான் எழுதியிருப்பேன். மகள் அழுதுகொண்டே சிரித்தாள். மாப்பிள்ளை தரையில் உட்கார்ந்துவிட்டார். முன்னறையில் எண்ணிக்கைக்காரர் செய்தியைக் கேட்டு, கையிலிருந்த டீயைக் கீழே வைத்தவர் திரும்ப எடுக்கவில்லை. நானும் அவரும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டோம். அவள் எடுத்துக்கொண்டு போவாள் என்றுதான் எல்லோரும் சொல்லியிருக்கிறீர்கள். விட்டுவிட்டுப் போவாள் என்று யாரும் சொன்னதில்லை. நீயும் சொன்னதில்லை, அக்கா.

டாக்டரம்மாவை இன்னொரு முறை எண்ணச் சொன்னேன். எண்ணினார். இரண்டு. மூன்றாவது முறையும் எண்ணச் சொன்னபோது, “நீங்க கொஞ்ச நேரம் வெளிய போய் உக்காருங்கம்மா” என்றார். வெளியே உட்கார்ந்துதான் இதை எழுதிக்கொண்டிருக்கிறேன்.